பதினேழு சிகரெட்

எவால்ட் எனக்குப் பதினேழு சிகரெட் பாக்கி.
கணக்கு சுத்தமாக இருக்கிறது,
இணைப்பகப் பலகையின் அடியில்
பேனாக்கத்தியால் கீறி வைத்திருக்கிறேன்.
பலகை கிடக்கும் தீவு இப்போது யாருடையது
என்பதுதான் சரியாகத் தெரியவில்லை.

இரண்டு குன்றுகள்.
வடக்கே எங்கள் பீரங்கிகள் நான்கு,
தெற்கே ஜெர்மானியருடையவை நான்கு,
எட்டு வாயும் கடலைப் பார்த்து.
நடுவில் நான் இழுத்த கம்பி
முட்புதர் மேலாக, ஸ்தமாதியாவின் கோழிக்கூண்டு மேலாக.
அவள் அதில் துணி காயப்போடுவாள்.
திட்டினால் கிரேக்கத்தில் பதில் வரும்,
நல்லவேளை எனக்கு முட்டை என்ற சொல்தான் தெரியும்.

இரவில் பம்புக் கொட்டகையில் சீட்டு.
கட்டுக்கடியில் ஒன்றை மல்லாத்தி வைத்தால்
அதுதான் துருப்பு,
ஆட்டம் முடியும்வரை மாறாது.
எங்கள் நாட்டில் அவனுக்குப் பிடித்த விஷயம்
அது ஒன்றுதான் என்பான்.
எங்கள் மொழியில் அவனுக்குத் தெரிந்ததும் நான்கே சொற்கள்:
வாள், கோப்பை, காசு, தடி.

என் அப்பா
பியாவே ஆற்றங்கரையில் இடது காதை விட்டுவிட்டு வந்தவர்.
அவர் சுட்டது ஆஸ்திரியர்களை.
அவர்களோடு முப்பது வருடத்துக்கு மேல் ஒப்பந்தம் இருந்தது,
மை நன்றாகக் காய்ந்த ஒப்பந்தம்.
அடுத்த பதுங்குகுழியில் ரொட்டியைப் பங்கிட்டது
பிரெஞ்சுக்காரர்கள்.
நாற்பதாம் ஆண்டு ஜூனில், மலைப்பனியில்,
நான் சுட்டது பிரெஞ்சுக்காரர்களை.
வீட்டுக்கு எழுதினேன்.
அப்பாவின் பதிலில் பீட்ரூட் விலை இருந்தது,
வேறொன்றும் இல்லை.

செப்டம்பர் எட்டு, மாலை ஏழே முக்கால்.
வானொலியில் களைத்த ஒரு குரல்:
ஆங்கிலேயரோடும் அமெரிக்கரோடும் இனிப் போர் இல்லை;
வேறு எங்கிருந்து தாக்கினாலும்
எதிர்கொள்வோம்.
அந்த வேறு எங்கிருந்துக்கு
ஒரு பெயர் வைக்கக்கூட நேரமில்லை போலும்.

பையன்கள் பீப்பாயைத் திறந்தார்கள்.
யாரோ வீட்டுக்கு மூட்டை கட்டினான்.
கேப்டன் சான்ஃபோர்லின் என் தோள்மேல் குனிந்து
ரோட்ஸைக் கூப்பிடு, ரோட்ஸைக் கூப்பிடு என்றார்.
ரோட்ஸ் எடுக்கவில்லை.
துருப்பு மாறியதைத்
துருப்புகளுக்குச் சொல்ல ஆளில்லை.

நள்ளிரவு கழிந்து தெற்குத் தகடு விழுந்தது.
எடுத்தேன். மூச்சுச் சத்தம்.
பிறகு எவால்ட், ஒரே சொல்:
வாள்.
நான் கொஞ்சம் குடித்திருந்தேன்.
கோப்பை, என்றேன், சிரித்துக்கொண்டே.
அவன் வைத்துவிட்டான்.

எச்சரித்தானா, மிரட்டினானா,
பாதியில் விட்ட ஆட்டத்தில் தன் முறையை ஆடினானா,
இன்றுவரை திருப்பித் திருப்பிப் பார்க்கிறேன்.
அன்றிரவு பார்க்கவில்லை.
கேப்டனிடமும் சொல்லவில்லை.
என்னவென்று சொல்வது? வாள் வந்தது என்றா?

விடிந்தபோது தெற்குக் குன்றின் நான்கு வாய்களும்
கடலுக்கு முதுகு காட்டி நின்றன.
ஸ்தமாதியாவின் துணிகள் கம்பியிலேயே இருந்தன.
கேப்டனைப் பற்றி நான் எழுதப்போவதில்லை.

போர் முடிந்து ரொவீகோவில் ஒரு படிவம் நீட்டினார்கள்.
எந்தப் பக்கம் போரிட்டீர்?
அரை அங்குலக் கட்டம்.
எந்த மாதத்தில், என்று கேட்டேன்.
குமாஸ்தா சிரிக்கவில்லை,
முத்திரைத்தாளை நாக்கில் தொட்டு ஒட்டினான்.
அவன் சட்டையிலும் ஏதோ சின்னத்தைப் பிய்த்தெடுத்த தையல் தடம்.

இடையில் இருபது மாதம், வடக்கே, முள்வேலிக்குள்.
கைதிகள் என்று எங்களைச் சொல்லமாட்டார்கள்,
அதற்கு வேறொரு சொல் வைத்திருந்தார்கள்.
கையெழுத்துப் போட்டால் பழையபடி நண்பர்கள்,
சூடான சூப், துப்பாக்கி.
நான் போடவில்லை. வீரம் என்று நினைக்கவேண்டாம்,
வரிசை நீளம், கால் வீங்கியிருந்தது,
இன்னொரு முறை பக்கம் மாற அலுப்பாக இருந்தது.

அங்கே ஒரு சிகரெட்டுக்குக் கால் ரொட்டி.
பதினேழு என்றால் நாலே கால்.
அந்தக் காலை யாருக்குத் தருவது என்று
யோசித்துக்கொண்டே தூங்கிப்போவேன்.